தர்ப்பையில் எரித்த ஆள்

என் அத்தையின் புருஷனை எங்கள் வீட்டில் புல்லால் செய்து, சுடுகாட்டில் எரித்தார்கள். அப்போது எனக்கு ஏழு வயது. பெண்கள் சுடுகாட்டுக்குப் போகும் வழக்கம் இல்லை, அதனால் எரித்ததைப் பார்க்கவில்லை. கட்டியதைப் பார்த்தேன். பின்கட்டில் சாயத் தொட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, எங்கள் தெருவுக்குச் சவரம் செய்கிறவர் தர்ப்பையை முறுக்கித் தலை, கை, கால் என்று கட்டினார். சாவுக் காரியங்களையும் அவர்தான் செய்வார். கட்டி முடித்ததும் அதன் இடுப்பில் மாமாவின் வேட்டி ஒன்றைச் சுற்றினார்கள். அத்தை ஓடிவந்து அந்த வேட்டியைப் பிடுங்கினாள். நைனா அவள் கையைப் பிடித்து இழுத்து அறையில் தள்ளிக் கதவைச் சாத்தினார். நைனா என்றால் என் அப்பா. அத்தைக்கு அண்ணன்.

மாமாவும் எங்கள் வீட்டிலேயே இரண்டாவது தறியில் நெய்துகொண்டிருந்தவர். ஜெர்மன் சண்டை வந்ததும் சீமைச் சாயம் வருவது நின்றுபோயிற்று. காஞ்சிபுரத்தில் எங்கள் பிள்ளையார்பாளையத்தில் பாதித் தறிகள் சும்மா கிடந்தன. ஆள் பிடிக்கிறவர்கள் வந்தார்கள். கடல் தாண்டிப் பஸ்ராவுக்குப் பட்டாளத்தின் கூலி வேலைக்குப் போனால் சாப்பாடும் துணியும் உண்டு, துப்பாக்கி தூக்க வேண்டாம் என்றார்கள். மாமா போனார். ஒரு வருஷம் கழித்துச் சர்க்காரிலிருந்து ஒரு காகிதம் வந்தது. ஆற்றில் கூலிகளோடு போன படகு கவிழ்ந்தது, அதில் இருந்த இவரைக் காணவில்லை, இறந்ததாகக் கருதப்படுகிறார். அவ்வளவுதான்.

கருதப்படுகிறார் என்றால் செத்துவிட்டார் என்று அர்த்தம் இல்லை. ஏழு வயதில் எனக்கே அது தெரிந்தது. காணாமல் போனவனுக்குப் பன்னிரண்டு வருஷம் காத்திருந்துதான் காரியம் செய்ய வேண்டும் என்று தெருவில் பெரியவர்கள் நைனாவிடம் சொன்னார்கள். அவர் கேட்கவில்லை. என் அம்மா அப்போது ஐந்து மாதக் கர்ப்பம். காரியம் ஆகாத ஆவி வீட்டைச் சுற்றும், பிறக்கிற குழந்தையைத் தூக்கிக்கொண்டு போகும் என்று அவருக்குப் பயம். பயந்தவன் அவசரப்படுவான். மூன்று மாதத்தில் எல்லாவற்றையும் முடித்துவிட்டார். பதினாறாம் நாள் அத்தையின் தாலியை வாங்கினார்கள். அப்போது அவளுக்கு இருபத்திரண்டு வயது.

தாலி போனதே தவிர, அவள் நம்பவில்லை. செத்தாரா, இருக்கிறாரா, இது ஒன்று தெரிந்தால் போதும் என்றாள். செத்தார் என்று ஒருவன் கண்ணால் பார்த்துச் சொல்லட்டும், நான் அழுதுவிட்டுப் போகிறேன் என்றாள். இதற்காகத்தான் அவள் மீதி ஆயுசைச் செலவழித்தாள்.

அம்மாவுக்கு ஆண் குழந்தை பிறந்தது. ஊரெல்லாம் விஷக் காய்ச்சல் பரவியிருந்த நேரம். இருபத்தோராம் நாள் குழந்தை இறந்தது. அதன் பிறகு வீட்டில் சில மாற்றங்கள் வந்தன. அப்போது எனக்குக் காரணம் தெரியாது. நைனா பட்டப்பகலிலும் வாசல் கதவைத் தாழ்போட்டார். வேகவதி ஆற்றங்கரைப் பக்கம் போவதை விட்டார். எங்கள் தெருச் சவரக்காரரை விட்டுவிட்டு, இரண்டு தெரு தள்ளி வேறு ஆளிடம் போய் முகம் மழித்துக்கொண்டார். அத்தை பஸ்ராப் பேச்சை எடுத்தால் தறிக்குழியில் இருந்தபடியே தறிப் பலகையை ஓங்கி அடிப்பார். பட்டு இழை அறுந்து போகும். அறுந்தாலும் அடிப்பார்.

நான் பாதிரியார் பள்ளிக்கூடத்தில் எழுதப் படிக்கக் கற்றேன். எழுத வந்த நாளிலிருந்து அத்தைக்கு மனு எழுதுவதுதான் என் வேலை. மெட்ராசுக்கு எழுதினேன், பம்பாய்க்கு எழுதினேன், டில்லிக்கு எழுதினேன். எல்லாவற்றுக்கும் ஒரே பதில், இறந்ததாகக் கருதப்படுகிறார். அத்தை மூன்று தடவை என்னைக் கூட்டிக்கொண்டு மெட்ராசுக்கே போய் ஆபீஸ் வாசலில் நின்றாள். சேவகன் விரட்டினான். திரும்பி வந்தால் குழாயடியில் பெண்கள் காத்திருப்பார்கள்.

"இன்னாமா, துரை இன்னா சொன்னாரு? ஆளைப் பொட்டியில போட்டு அனுப்புறேன்னாரா?"

"அவரு அங்க பேரீச்சம்பழம் விக்கிறவள கட்டிக்கினு சொகமா இருக்குறாராம். இவ இங்க வெள்ளையச் சுத்திக்கினு அலையிறா."

அத்தை குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு சொல்வாள்: "கட்டிக்கினாருன்னா நல்லதுதான். உசுரோட இருக்குறாருன்னு அர்த்தம். உன் வாய்ல சக்கரை போடணும்."

பதினாறு வருஷம் இப்படிப் போயிற்று. இனி சொல்வது எங்களுக்கு வெட்கக்கேடு. பஸ்ராவுக்குப் போய்த் திரும்பிய ஓர் ஆள் ஏனாத்தூரில் இருந்தார். எங்கள் வீட்டிலிருந்து நடக்கிற தூரம். நாங்கள் டில்லிக்கு எழுதினோம், அங்கே போகவில்லை. ஏனென்றால் அவர் சேரியில் இருந்தார். சேரியில் போய் ஒரு சேதி கேட்கலாம் என்பது எங்கள் தெருவில் யார் மண்டையிலும் ஏறவில்லை. என் மண்டையிலும் ஏறவில்லை. அத்தனை கூலிகள் போன இடத்துக்குச் சேரிக்காரர்கள் போகாமல் இருப்பார்களா என்று ஒரு நாளாவது யோசித்திருக்கலாம்.

நான் அதே பள்ளிக்கூடத்தில் சின்ன வகுப்புக்கு வாத்தியாரம்மா ஆகியிருந்தேன். ஒரு நாள் பிள்ளைகள் பெருமையடித்துக்கொண்டிருந்தார்கள். ஒருத்தி, தன் மாமா மெட்ராஸ் கடல் பார்த்திருக்கிறார் என்றாள். ஏனாத்தூர்ப் பெண் எழுந்து, "எங்கப்பா பஸ்ராவுக்கே போயிருக்கார் டீச்சர். கப்பல்ல. அங்க ஒட்டகம் கடிச்ச தழும்பு கூட இருக்குது" என்றாள்.

அன்று சாயங்காலமே அத்தையைக் கூட்டிக்கொண்டு போனேன். அந்த மனிதர் கிறிஸ்தவ வேதத்தில் சேர்ந்தவர், கட்டட வேலை செய்கிறவர். எங்களைப் பார்த்ததும் எழுந்து நின்றார். உட்கார எதுவும் கொடுக்கவில்லை, கொடுத்தால் நாங்கள் உட்காரமாட்டோம் என்று நினைத்திருப்பார். அத்தை தரையில் உட்கார்ந்துவிட்டாள். மாமாவின் பெயரைச் சொன்னாள்.

அவர் தன் வலது கட்டைவிரலை மடக்கிக் காட்டினார். "நெசவுக்காரு. சோத்துக்கை கட்டவெரல் இல்லாதவரு."

"வெரலெல்லாம் இருந்துச்சுப்பா அவருக்கு."

"போகச்சொல்ல இருந்துச்சுமா. கப்பல்ல சாமான் எறக்குற எந்திரத்துல மாட்டிக்கினு போச்சு. ஆஸ்பத்திரில கெடந்தாரு. அதனாலதான் அந்தப் படகுல ஏறல. ஏறினவன் எல்லாம் போயிட்டான். லிஸ்டுல மட்டும் இவரு பேரும் இருந்துச்சு."

அத்தை என் கையைப் பிடித்துக்கொண்டாள். "அப்புறம்?"

"அப்புறம் இன்னா, ரெண்டு பேரும் ஒண்ணாத்தான் வந்தோம்."

"எங்க வரைக்கும்?"

"எங்க வரைக்கும்னா? காஞ்சிவரம் டேசன் வரைக்கும்."

உள்ளே இருந்து அவர் மனைவி, "நல்லா யோசிச்சுச் சொல்லுய்யா, நீ சொல்ற கதையில பாதி ஒட்டகக் கதை" என்றாள்.

"ஏ, சும்மா இரு. டேசன்ல எறங்கி ஆளுக்கு ஒரு சுருட்டு பத்த வச்சோம். மூஞ்சி முழுக்கத் தாடி அவருக்கு. 'இப்படியே போனா பொண்டாட்டி பயந்துக்குவா, சிரைச்சுக்கினு போறேன்'னாரு. அதான் கடேசியாப் பாத்தது." பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டார். "ஏம்மா, என்னைக் கேக்குறீங்க? அவரு வீட்டுக்கு வந்து செத்துப்போனாருன்னு நெனச்சுக்கினு இருந்தேன். மாசம் ரெண்டு கழிச்சு அவரைப் பாக்க உங்க தெருவுக்கு வந்தேன். தெருமொனையிலேயே ஒருத்தர் நிக்க வச்சிட்டாரு. நெத்தியில பெரிய மரு. 'அவன் செத்துட்டான், போடா'ன்னாரு. அப்ப ஊரே காச்சல்ல செத்துக்கினு இருந்துச்சு. நம்பிட்டேன்."

என் நைனாவின் நெற்றியில் ஒரு பெரிய மரு உண்டு.

திரும்பும்போது அத்தை எனக்கு முன்னால் வேகமாக நடந்தாள். பதினாறு வருஷம் கடலுக்கு அப்பால் தேடிய ஆள் டேசன் வரைக்கும் வந்துவிட்டார். டேசனிலிருந்து எங்கள் தெருவுக்கு அரை மணி நேரம் நடக்க வேண்டும். இந்த அரை மணி நேரத்தில் என்ன ஆனது என்று கேட்க எனக்குப் பயமாக இருந்தது. கொலை என்ற வார்த்தை மனதில் வந்தது. அதை வைத்துக்கொண்டே நைனாவுக்கு அன்று சோறு போட்டேன்.

மறுநாள் காலை அத்தை நேராக வேகவதிக் கரைக்குப் போனாள், நான் பின்னால் போனேன். எங்கள் தெருச் சவரக்காரர் கிழவராகி, கண் மங்கி, ஆற்றோரக் குடிசையில் கிடந்தார். அத்தையின் குரலைக் கேட்டதும் எழுந்து உட்கார்ந்தார்.

"வந்தியா? எத்தினி வருசமா காத்துக்கினு இருக்கிறேன். நீ மெட்ராசுக்குப் போனே, டில்லிக்கு எழுதுனே. ஆத்தங்கரைக்கு மட்டும் வரல."

"நீ வந்து சொல்லியிருக்கலாமே."

"உங்கண்ணன் வந்து கழுத்துல கத்திய வக்கல, அவ்வளவுதான். சொன்னேன்னா தெருவுல ஒரு வீட்டுலயும் உனக்கு வேலை கெடையாதுன்னாரு. எனக்கு அஞ்சு பொண்ணுங்க."

பிறகு சொன்னார். மதியம், வெயில் நேரம். தாடிக்காரன் ஒருவன் வந்து இதே ஆற்றங்கரை மரத்தடியில் உட்கார்ந்து, சீக்கிரம் ஆகட்டும் என்றான். பாதி முகம் மழித்த பிறகுதான் யார் என்று தெரிந்தது. கத்தி கையிலிருந்து விழுந்துவிட்டது.

"உன்னைப் புல்லுல கட்டி எரிச்சது நான்தாம்பான்னு சொன்னேன். அவரு சிரிச்சாரு. சும்மா சொல்றேன்னு நெனச்சாரு. நான் ஓடிப்போய் உங்கண்ணனைக் கூட்டியாந்தேன். அதுதாம்மா நான் செஞ்ச தப்பு. உன்னைக் கூட்டியாந்திருக்கணும். ரெண்டு பேரும் தண்ணியோரம் போய்ப் பேசினாங்க. இன்னா பேசினாங்கன்னு காதுல விழல. திரும்பி வந்தப்ப உங்க வூட்டுக்காரு மீதிப் பாதிய மழிக்க வேணாம்னுட்டாரு. அப்படியே போனாரு, பாதி மூஞ்சியோட. ஆத்தோட ஓரமாக் கெழக்கால."

நைனா தறிக்குழியில் இருந்தார். அத்தை மேலே நின்றாள். எப்போதும் அவரை நிமிர்ந்து பார்த்தே பேசுகிறவள், அன்று குனிந்து பார்த்தாள்.

"அவர்கிட்ட இன்னா சொன்னே?"

யார் என்று அவர் கேட்கவில்லை. ஊடு நூல் ஓட்டும் நாடாவைக் கீழே வைத்தார். "கொழந்தை பொறந்து ஒம்போது நாள். காரியம் முடிஞ்சவன் வாசப்படி மிதிச்சா வீடு இன்னா ஆவும்? கேட்டுட்டுத்தான் அனுப்பினேன். அவனே சொன்னான், 'பச்சக் கொழந்தை இருக்குதா, அப்ப நான் வரல'ன்னு. அவனுக்குத் தெரிஞ்சிருந்துச்சு. உனக்குத்தான் தெரியல."

"என்னைக் கேட்டாரா?"

நைனா நாடாவை மறுபடி கையில் எடுத்தார்.

"என்னைக் கேட்டிருப்பாரு. வீட்டுக்கு வராட்டி என்னை அங்க வரச் சொல்லியிருப்பாரு. நீ இன்னா சொன்னே?"

"நீ போயிட்டேன்னேன்." அவர் தறியின் பாவு நூலைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "காகிதம் வந்த அன்னிக்கே கெணத்துல வுழுந்துட்டேன்னேன். வேற இன்னா சொல்றது? உன்னைக் கூட்டிக்கினு போயிருப்பான். செத்தவனோட ஓடிப்போன வூடுன்னு பேரு வந்திருக்கும். அப்படியும் கொழந்தை தங்கலியே. நான் அவன்கிட்ட நின்னு பேசிட்டு வந்து அதைத் தூக்கினேன். தூக்கியிருக்கக் கூடாது."

அவர் அழுதார். எனக்கு இரக்கம் வரவில்லை. அந்த மாதம் எங்கள் தெருவில் நான்கு குழந்தைகள் போயின. மற்ற மூன்று வீட்டுக்கு எந்தச் செத்தவன் வந்தான்? குழந்தைக்காகப் பயந்தார் என்பதை நம்புகிறேன். ஆனால் பன்னிரண்டு வருஷம் பொறு என்று சொன்ன பெரியவர்கள் முன்னால் தலை குனிய வேண்டியிருக்கும் என்று அதைவிட அதிகம் பயந்தார். இதை அவரிடமே சொன்னேன். இல்லை என்று அவர் சொல்லவில்லை.

அத்தை கேட்டாள்: "கெழக்கால ஏன் போனாரு?"

"உன் சாம்பல எங்க கரைச்சீங்கன்னு கேட்டான். வாய்க்கு வந்தது திருமுக்கூடல்."

அத்தை உள்ளே போய் ஒரு புடவையைச் சுருட்டி எடுத்துக்கொண்டு வந்தாள். அதற்குப் பிறகு அந்த வீட்டில் அவள் ஒரு வாய்த் தண்ணீர் குடிக்கவில்லை.

ரயிலில் பழையசீவரம் போய் இறங்கி, பாலாற்று மணலில் நடந்து அக்கரை போனோம். மூன்று ஆறுகள் சேருகிற இடம். தண்ணீர் மூன்று வாய்க்கால் அளவுக்குத்தான் ஓடியது. கரையில் திதி கொடுத்து வைக்கிற ஐயர் ஒருவர் குடையோடு உட்கார்ந்திருந்தார். அத்தை அவரிடம், சோற்றுக்கைக் கட்டைவிரல் இல்லாத ஒருத்தர் இங்கே எப்போதாவது வந்தாரா என்று கேட்டாள்.

"ஏன் வராம? வருஷா வருஷம் வருவார். அவரை மறக்க முடியுமா? பித்ருக்களுக்குத் தண்ணியைக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவுல விடணும். அவருக்குக் கட்டைவிரல் இல்லை. இப்ப என்ன பண்றதுன்னு எனக்கே தெரியலை. என் தகப்பனாரைப் போய்க் கேட்டுண்டு வந்தேன். இருக்கிற இடத்தோட விடச் சொல்லு, போய்ச் சேரும்னார்."

"யாருக்குக் குடுத்தாரு?"

"ஆத்துக்காரிக்கு." அவர் ஒரு பெயரைச் சொன்னார். "பன்னெண்டு வருஷம் நானே வாயால சொல்லி வச்சேன், மறக்குமா?"

அது அத்தையின் பெயர். அவள் என்ன செய்வாள் என்று பார்த்துக்கொண்டிருந்தேன். எந்த இடத்தில் என்று மட்டும் கேட்டாள். அவர் தண்ணீரோரம் ஓர் இடத்தைக் கையால் காட்டினார்.

"இப்ப எங்க இருக்குறாரு?"

"தெரியாதேம்மா. அந்தப் பக்கத்து ஏதோ ஒரு தோப்புல காவல்னு ஒருதரம் சொன்னார். மூணு வருஷமா காணோம். வேற ஊருக்குப் போயிருக்கலாம், காலமும் ஆயிருக்கலாம். நீங்க அவருக்கு என்ன வேணும்?"

அத்தை சொன்னாள்: "நீங்க எள்ளு எறைச்சது எனக்குத்தான், சாமி."

அந்த மனிதர் குடையையும் சொம்பையும் எடுத்துக்கொண்டு எழுந்து போய்விட்டார். நாங்கள் இரண்டு பேரும் மணலில் தனியாக நின்றோம்.

அத்தை காஞ்சிபுரம் திரும்பவில்லை. அங்கேயே ஒரு வீட்டில் நெல் குத்தி, மாடு பார்த்து இருந்துகொண்டாள். சுற்றுப்பக்கத்துத் தோப்பு ஒவ்வொன்றிலும் போய்க் கேட்டாள். சிலருக்கு நினைவிருந்தது. பேசாத மனிதர் என்றார்கள். எங்கே போனார் என்று ஒருவருக்கும் தெரியவில்லை. வருஷத்தில் அந்தக் காகிதம் வந்த திதியன்று, அவள் செத்ததாக நைனா சொன்ன நாளில், விடிந்ததிலிருந்து இருட்டும்வரை மணலில் உட்கார்ந்திருப்பாள். ஐயர் அந்த ஒரு நாள் மட்டும் கடை விரிக்கமாட்டார். நான் ஞாயிற்றுக்கிழமைகளில் போவேன். "வந்தாருன்னா என்னைப் பாத்துப் பயந்துக்குவாருடி" என்று ஒரு தடவை சொன்னாள். அதைச் சொல்லிச் சிரித்தாள்.

நான்காம் வருஷம் கோடையில் வயிற்றுப்போக்கு வந்து இரண்டு நாளில் போய்விட்டாள். சடங்கு செய்ய வந்த ஆள் என்னைத்தான் கேட்டார்: "சுமங்கலியா, தாலி அறுத்தவங்களா? ஒண்ணு சொல்லும்மா, மஞ்சள் பூசணுமா வேணாமான்னு தெரியணும்."

மாமா உயிரோடு இருக்கிறாரா இல்லையா என்று எனக்குத் தெரியாது. இன்றுவரை தெரியாது. செத்ததைப் பார்த்த ஆள் ஒருவரும் இல்லை.

"மஞ்சள் பூசுங்க" என்றேன்.

அப்போது நைனா மணலைக் கடந்து வந்துகொண்டிருந்தார். பிறந்த வீட்டுக் கோடிப் புடவையை அண்ணன்தான் கொண்டுவர வேண்டும். அவர் கையில் வெள்ளைப் புடவை. நான் எதிரே போய் நின்றேன். இதைப் போடவிடமாட்டேன், சிவப்பு எடுத்துக்கொண்டு வாருங்கள், அதுவரை தூக்கமாட்டோம் என்றேன். இந்த ஊரில் ஏது கடை என்றார். வாலாஜாபாத்தில் இருக்கிறது, நடங்கள் என்றேன்.

அவருக்கு அறுபது வயது. சித்திரை வெயில். திரும்பி நடந்தார். அவர் வரும்வரை உடலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து ஈ ஓட்டிக்கொண்டிருந்தேன்.